தாளும் விரலும்: குழந்தைக் காப்பாளரைச் சரிபார்க்கும் இரு முறைகள்

இங்கிலாந்தில் நர்சரி வேலைக்குச் சேரும் பெண்ணின் வீட்டுக்குத் தபாலில் ஒரு சான்றிதழ் வருகிறது. அவர்மீது குற்றத் தீர்ப்பு ஏதேனும் இருந்தால் அதில் இருக்கும். போலீஸ் கொடுத்த எச்சரிக்கை இருக்கலாம். சொல்லியே ஆக வேண்டும் என்று உள்ளூர் போலீஸ் கருதிய வேறு சங்கதியும் இருக்கலாம். அந்தத் தாளை முதலில் படிப்பவர் அவரேதான். பிறகு அதை எடுத்துப்போய் நர்சரி நிர்வாகியிடம் காட்டுகிறார். நிர்வாகி படித்துப் பார்த்து, கேட்க வேண்டியதைக் கேட்டு, வேலை கொடுப்பதா வேண்டாமா என்று முடிவு செய்கிறார்.

அமெரிக்காவில் அதே வேலைக்குப் போகும் பெண் பத்து விரல்களையும் ஸ்கேனரில் பதித்துவிட்டு வீடு திரும்புகிறார். சில வாரங்களில் மாநில அரசு அலுவலகத்திலிருந்து காப்பகத்துக்குப் பதில் வருகிறது: தகுதி உண்டு, அல்லது இல்லை. அவ்வளவுதான். ஏன் இல்லை என்று காப்பகத்துக்குச் சொல்லக்கூடாது என்பது கூட்டாட்சிச் சட்டம். காரணம் விண்ணப்பித்தவருக்கு மட்டும் போகும்.

இரண்டு நாடுகளுக்கும் அச்சம் ஒன்றுதான். ஆனால் தீர்மானிக்கும் பொறுப்பை யார் கையில் வைப்பது என்பதில் இரண்டும் எதிரெதிர்த் திசையில் போயிருக்கின்றன. இங்கிலாந்து தகவலைத் திரட்டிக் கொடுத்துவிட்டு, யோசிக்கும் வேலையைப் பெரும்பாலும் நிர்வாகியிடம் விடுகிறது. அமெரிக்கா யோசிக்கும் வேலையைச் சட்டத்திலேயே முடித்துவிட்டு, விடையை மட்டும் அனுப்புகிறது. இதற்கான காரணத்தை இரு நாடுகளின் அரசியல் தத்துவத்தில் தேட வேண்டியதில்லை. எந்த விபரீதம் அவர்களை உலுக்கியது, அந்த நாட்டில் போலீஸ் பதிவுகள் எப்படிச் சிதறிக் கிடந்தன என்பதைப் பார்த்தாலே போதும். (பிரிட்டனில் இங்கிலாந்தைப் பற்றி மட்டுமே இங்கே பேசுகிறேன். குற்றப் பதிவுச் சான்றிதழ் தரும் டிபிஎஸ் அமைப்பு வேல்ஸுக்கும் பொது. ஸ்காட்லாந்துக்கும் வட அயர்லாந்துக்கும் தனித்தனி ஏற்பாடுகள் உண்டு.)

இங்கிலாந்தை உலுக்கியது சோஹம். கேம்பிரிட்ஜ்ஷரில் உள்ள அந்தச் சிற்றூரில் 2002 ஆகஸ்டில் பத்து வயதுச் சிறுமிகள் இருவர் கொல்லப்பட்டார்கள். கொன்றவன் இயன் ஹண்ட்லி, உள்ளூர் உயர்நிலைப் பள்ளியின் பராமரிப்பாளர். அவன்மீது அதற்கு முன் எந்தப் பாலியல் குற்றத்திலும் தீர்ப்பு இல்லை. ஆனால் 1995 முதல் 1999 வரை கிரிம்ஸ்பி பகுதியில் வயது வராத பெண்களோடு உறவு, பாலியல் வன்முறை என்று அடுத்தடுத்துப் புகார்கள் வந்திருந்தன. ஒவ்வொரு புகாரையும் தனித்தனியாகப் பார்த்த ஹம்பர்சைடு போலீஸ் எதையும் எதோடும் சேர்த்துப் பார்க்கவில்லை. சில பதிவாகவே இல்லை, சில பதிவாகிப் பின் அழிக்கப்பட்டன. தகவல் பாதுகாப்புச் சட்டம்தான் கையைக் கட்டிவிட்டது என்று போலீஸ் முதலில் சொல்லிப் பார்த்தது. சர் மைக்கேல் பிச்சர்ட் தலைமையில் நடந்த விசாரணை அந்தச் சாக்கை ஏற்கவில்லை.

2001 கடைசியில் பள்ளி வேலைக்கு அவன் நிக்சன் என்ற பெயரில் விண்ணப்பித்தான். சரிபார்த்த கேம்பிரிட்ஜ்ஷர் போலீஸ் நிக்சன் என்ற பெயரைத்தான் கணினியில் தேடியது. ஹண்ட்லி என்ற பெயரைத் தேடவில்லை. பள்ளியும் பரிந்துரைக் கடிதங்களை எழுதியவர்களிடம் பேசி உறுதி செய்துகொள்ளவில்லை. 2004 ஜூனில் வந்த பிச்சர்ட் அறிக்கை 31 பரிந்துரைகளைக் கொடுத்தது. போலீஸுக்குத் தெரிந்தது வேலை கொடுப்பவருக்கும் தெரிய வேண்டும் என்பதே அவற்றின் சாரம். நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னதா இல்லையா என்பதைவிட யாருக்கு என்ன தெரிந்திருந்தது என்பதே இங்கிலாந்துக்கு அன்றுமுதல் பெரிய கேள்வியாயிற்று. அங்கே ஒரு சான்றிதழில் தீர்ப்பே இல்லாத செய்தியும் ஏறுவதற்குக் காரணம் இதுதான்.

அமெரிக்காவில் அப்படி ஒற்றை நிகழ்ச்சி எதுவும் முழுச் சட்டத்தையும் கொண்டுவந்துவிடவில்லை. முயற்சி முன்னதாகவே தொடங்கியது. சிறு வயதில் தானே பாலியல் கொடுமைக்கு ஆளான தொலைக்காட்சித் தொகுப்பாளர் ஓப்ரா வின்ஃப்ரி 1991-இல் செனட் குழு முன் சாட்சி சொன்னார். 1993 டிசம்பரில் கிளின்டன் கையெழுத்திட்ட தேசியக் குழந்தைப் பாதுகாப்புச் சட்டத்தை ஓப்ரா சட்டம் என்றே ஜனங்கள் சொன்னார்கள். ஆனால் அந்தச் சட்டத்துக்குப் பல் இல்லை. விரும்பும் மாநிலங்கள் எஃப்பிஐ பதிவைப் பார்த்துக்கொள்ளலாம் என்றது, பார்த்தே ஆக வேண்டும் என்று சொல்லவில்லை. காப்பகங்களுக்கு உரிமம் கொடுப்பது மாநிலங்களின் அதிகாரம், வாஷிங்டன் நேராக உள்ளே நுழைய முடியாது. ஆகவே ஒரு மாநிலத்தில் கைரேகை கட்டாயம், பக்கத்து மாநிலத்தில் பெயரை வைத்துத் தேடினால் போதும் என்ற நிலை மேலும் இருபது ஆண்டுகளுக்கு மேல் நீடித்தது.

பூட்டைத் திறந்தது பணம். ஏழைக் குடும்பங்களின் காப்பகக் கட்டணத்துக்கு உதவ 1990 முதல் மாநிலங்களுக்குக் கூட்டாட்சி மானியம் போகிறது. 2014 நவம்பரில் அந்த மானியச் சட்டத்தைப் புதுப்பித்தபோது பின்னணிச் சரிபார்ப்பை நிபந்தனையாக உள்ளே வைத்தார்கள். ஜனநாயகக் கட்சியின் பார்பரா மிகுல்ஸ்கியும் குடியரசுக் கட்சியின் ரிச்சர்ட் பரும் சேர்ந்து கொண்டுவந்த மசோதா செனட்டில் 88-க்கு 1 என்ற வாக்கில் நிறைவேறியது. ஒழுங்காகச் செய்யாத மாநிலத்துக்கு மானியத்தில் ஐந்து விழுக்காடு வரை பிடித்தம் செய்யலாம். இரு கட்சியும் எலியும் பூனையுமாக இருந்த ஒரு காலத்தில் இப்படி ஒரு வாக்கு விழுந்ததே விஷயத்தின் கனத்தைக் காட்டுகிறது.

சட்டத்தை விளக்கி 2016-இல் வந்த விதி, தேட வேண்டிய இடங்களை எட்டாகப் பிரித்தது. எஃப்பிஐயின் கைரேகைப் பதிவு ஒன்று. தேசிய அளவிலான பாலியல் குற்றவாளிகள் பதிவேடு ஒன்று. குடியிருக்கும் மாநிலத்தின் குற்றப் பதிவு, பாலியல் குற்றவாளிகள் பட்டியல், குழந்தை வன்கொடுமைப் பதிவேடு ஆகியவை மூன்று. கடந்த ஐந்தாண்டில் வேறு மாநிலங்களில் வாழ்ந்திருந்தால் அங்கேயும் இதே மூன்று. இந்த எட்டும் முடிய அதிகபட்சம் 45 நாள். ஐந்தாண்டுக்கு ஒருமுறை முழுவதையும் திரும்பச் செய்ய வேண்டும். கைரேகை முடிவு ஒன்று நல்லபடியாக வந்துவிட்டால், மற்றவை வரும்வரை ஒருவரின் மேற்பார்வையில் வேலையைத் தொடங்கலாம்.

இனி பெயருக்கும் விரலுக்கும் வருவோம். ஒப்பிட்டுப் பார்க்கையில் எனக்கு வியப்பளிப்பது இதுதான். பெயர் மாறியதால் நேர்ந்த ஓட்டையை அடைக்கப் பிறந்த ஆங்கிலேய முறை இன்றும் பெயரையே நம்பி நிற்கிறது. விண்ணப்பத்தில் பிறந்தது முதல் வைத்திருந்த எல்லாப் பெயர்களையும், ஐந்தாண்டு முகவரிகளையும், பிறந்த தேதியையும் எழுதுகிறார்கள். பாஸ்போர்ட், ஓட்டுநர் உரிமம் போன்ற ஆவணங்களை நிர்வாகி பார்த்துக்கொள்கிறார். கைரேகை கேட்பது வழக்கமில்லை, வேறொருவரின் குற்றம் தன் பெயரில் ஏறிவிட்டது என்று யாரேனும் முறையிட்டால் மட்டும் அது தேவைப்படும். பழைய பெயரை ஒருவர் மறைத்தால் கண்டுபிடிப்பது ஆவணங்களையும் அதிகாரியின் கவனத்தையும் பொறுத்தது.

தமிழருக்கு இதில் உள்ள சிக்கலைத் தமிழ் வாசகருக்கு விளக்க வேண்டியதில்லை. நமக்குக் குடும்பப் பெயர் கிடையாது, இன்ஷியல்தான். கல்யாணத்துக்கு முன் அப்பாவின் எழுத்து, பின் கணவரின் எழுத்து. பாஸ்போர்ட்டில் அந்த எழுத்து விரிந்து குடும்பப் பெயர்க் கட்டத்தில் அப்பாவின் முழுப் பெயர் வந்து உட்கார்ந்திருக்கும். லண்டன் ஈஸ்ட் ஹாமில் நர்சரி வேலைக்கு விண்ணப்பிக்கும் ஒரு பெண் சட்டப்படி எந்தத் தவறும் செய்யாமலே மூன்று பெயர்களோடு நிற்கக்கூடும். விரலுக்கு இன்ஷியல் இல்லை. இந்த ஒரு விஷயத்தில் அமெரிக்க முறைக்கே என் வாக்கு.

ஆனால் விரல் சொல்வது ஆளை மட்டும்தான், கதையை அல்ல. ஒருவரைக் கைது செய்யும்போது கைரேகை எஃப்பிஐக்குப் போய்விடுகிறது. வழக்கு பிறகு தள்ளுபடியானதா, விடுதலையா, தண்டனையா என்ற முடிவை உள்ளூர் நீதிமன்றமும் மாநிலமும் அனுப்பினால்தான் பதிவு முழுமையாகும். 2006-இல் அமெரிக்க அட்டர்னி ஜெனரல் நாடாளுமன்றத்துக்குக் கொடுத்த அறிக்கை, கைதுப் பதிவுகளில் ஏறக்குறைய பாதிக்கு முடிவே இல்லை என்று ஒப்புக்கொண்டது. கைது உண்டு, கடைசியில் என்ன ஆயிற்று என்று தெரியாது. அதைத் தேடிப் பிடிக்க மாநில அலுவலர் ஏதோ ஒரு மாவட்ட நீதிமன்ற எழுத்தருக்கு ஃபோன் போட்டுக்கொண்டிருக்க, இங்கே ஒரு காப்பகத்தில் ஆள் இல்லாமல் ஒரு வகுப்பைத் திறக்க முடியாமல் இருக்கும். குழந்தைக் காப்பாளரின் ஊதியம் மணிக்குச் சுமார் 15 டாலர். அந்தச் சம்பளத்துக்கு ஒருவர் ஒன்றரை மாதம் காத்திருப்பார் என்று எதிர்பார்ப்பதே அதிகம். கிடங்கிலோ கடையிலோ மறுநாளே வேலை கிடைக்கும்.

எது கறை என்ற கேள்வியில்தான் இரண்டு முறைகளும் அதிகம் பிரிகின்றன. அமெரிக்கச் சட்டத்தில் ஒரு பட்டியல் இருக்கிறது. கொலை, குழந்தை வன்கொடுமை, குழந்தைகளுக்கு எதிரான குற்றம், மனைவியையோ கணவனையோ துன்புறுத்தியது, வல்லுறவு, ஆள்கடத்தல், தீவைப்பு, தாக்குதல் ஆகியவற்றில் பெருங்குற்றத் தீர்ப்பு இருந்தால் தகுதி இல்லை. எத்தனை ஆண்டு ஆனாலும் இல்லை. போதைப்பொருள் பெருங்குற்றத்துக்கு மட்டும் ஐந்தாண்டு வரம்பு, அதிலும் மாநிலம் விரும்பினால் ஆளைத் தனியாக ஆராயலாம். பத்தொன்பது வயதில் மதுக்கடையில் நடந்த சண்டை பெருங்குற்றமாகப் பதிவாகியிருந்தால், ஐம்பது வயதில் பேரன் பேத்தி எடுத்தவரானாலும் கதவு மூடியதுதான். பதிவில் பிழை என்றால் மேல்முறையீடு உண்டு. பதிவு உண்மை என்றால் பேச்சுக்கு இடமில்லை.

இங்கிலாந்திலும் பேச்சுக்கு இடமில்லாத பகுதி ஒன்று உண்டு. டிபிஎஸ் வைத்திருக்கும் தடைப் பட்டியலில் பெயர் இருப்பவர் குழந்தைகளோடு வேலை செய்ய முயல்வதே குற்றம். தெரிந்தே அவருக்கு வேலை கொடுப்பதும் குற்றம், ஐந்தாண்டு வரை சிறை. இந்தப் பட்டியலில் ஏறத் தீர்ப்பு தேவையில்லை. தவறான நடத்தைக்காக ஒருவரை நீக்கும் நர்சரி அதை டிபிஎஸ்ஸுக்குத் தெரிவிக்கச் சட்டப்படி கடமைப்பட்டிருக்கிறது, அங்கே ஆராய்ந்து, அவர் பக்கத்தையும் கேட்டு முடிவு செய்கிறார்கள். இதற்கு வெளியே உள்ள பரப்பு விரிந்தது. பழைய தாக்குதல் வழக்கு சான்றிதழில் வரும், ஆனால் அதோடு முடிவதில்லை. சில குற்றங்களுக்கு மேற்பார்வை அமைப்பான ஆஃப்ஸ்டெட்டிடம் விலக்குக் கேட்க வழி இருக்கிறது. மற்றவற்றை நிர்வாகியே எடைபோட வேண்டும்.

எடைபோடச் சொன்னால் ஒழுங்காக எடைபோடுகிறார்களா? நீதிமன்றப் பதிவுகளைப் பார்த்தால் சந்தேகம் வருகிறது. பதினொரு வயதில் திருட்டுச் சைக்கிள் இரண்டு தொடர்பாகப் போலீஸ் எச்சரித்து அனுப்பிய ஒரு பையன், பதினேழு வயதில் கால்பந்துக் கழகத்தில் பகுதி நேர வேலைக்குப் போனபோது அந்தச் சைக்கிள்கள் சான்றிதழில் வந்து நின்றன. பல்கலைக்கழகத்தில் விளையாட்டுப் படிப்புக்குச் சேர்ந்தபோது மறுபடியும் வந்தன. அவன் தொடுத்த வழக்கில் 2013-இல் மேல்முறையீட்டு நீதிமன்றமும் 2014-இல் உச்ச நீதிமன்றமும் எல்லாவற்றையும் கண்மூடி வெளியிடுவது தனியுரிமைக்கு எதிரானது என்றன. முதல் தீர்ப்பை அடுத்து 2013-இலேயே பழைய சிறு குற்றங்களை வடிகட்டும் விதிகள் வந்தன. 2019-இல் இன்னொரு தீர்ப்பு வந்து, 2020 நவம்பரில் விதிகள் மேலும் தளர்ந்தன. சிறு வயதில் பெற்ற எச்சரிக்கைகள் இப்போது தானாகச் சான்றிதழில் ஏறுவதில்லை.

இதைவிட என்னை உறுத்துவது எல் என்ற எழுத்தால் மட்டும் தீர்ப்பில் குறிப்பிடப்படும் ஒரு தாயின் வழக்கு. லண்டன் பள்ளியொன்றில் மதியச் சாப்பாட்டு நேரத்தில் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் வேலை. அவர் எந்தக் குற்றமும் செய்யவில்லை. ஆனால் சொந்த மகனைச் சரியாகக் கவனிக்கவில்லை என்று சமூகநலத் துறை கருதி, அந்தப் பையன் பெயரைப் பாதுகாப்புப் பதிவேட்டில் சேர்த்திருந்தது. துறையோடு தாய் ஒத்துழைக்கவில்லை என்றும் எழுதி வைத்திருந்தது. போலீஸ் அதைச் சான்றிதழில் சேர்த்தது, வேலை போயிற்று. 2009-இல் உச்ச நீதிமன்றம் வழக்கைத் தள்ளுபடி செய்தது. ஆனால் ஒன்றைச் சொன்னது: குழந்தைகளின் பாதுகாப்பு என்ற தட்டை முதலிலேயே தாழ்த்தி வைத்துக்கொண்டு போலீஸ் நிறுக்கக்கூடாது, தனிமனித வாழ்வுக்கும் அதே எடை தர வேண்டும். அந்தத் தாய்க்கு அதனால் பலன் இல்லை, அவருக்குப் பின் வந்தவர்களுக்கு இருந்தது.

எல் போன்ற தாய்மார் அமெரிக்காவில் எங்கே இருக்கிறார்கள் என்று கேட்டால், மாநிலங்களின் குழந்தை வன்கொடுமைப் பதிவேடுகளில் இருக்கிறார்கள். இந்தப் பதிவேட்டில் பெயர் ஏற்றுவது நீதிபதி அல்ல, விசாரிக்கப் போன சமூகநல ஊழியரின் துறை. அடித்ததற்கும் கவனிக்காமல் விட்டதற்கும் அங்கே ஒரே பதிவேடுதான். வேலைக்குப் போகப் பிள்ளையைத் தனியாக விட்டுப் போன தாயும் அதில் ஏறலாம். நியூயார்க்கில் 2021 வரை ஓரளவு நம்பத்தக்க ஆதாரம் என்ற மிகத் தாழ்ந்த அளவுகோலே ஒருவரைப் பதிவேட்டில் சேர்க்கப் போதுமாக இருந்தது. ஏறிய பெயர் அந்தப் பிள்ளைக்கு இருபத்தெட்டு வயதாகும்வரை இருக்கும். அந்த ஆண்டுகளில் குழந்தைக் காப்பகத்திலோ பள்ளியிலோ வேலைக்குப் போனால் அது முன்னே வந்து நிற்கும். 2022 ஜனவரி முதல் அங்கே ஆதாரத்தின் அளவை உயர்த்தினார்கள். கவனக்குறைவுப் பதிவுகளை எட்டாண்டுக்குப் பின் வேலை கொடுப்போர் கண்ணிலிருந்து மறைத்தார்கள். பதிவேட்டைப் பார்க்க வேண்டும் என்று கட்டளையிடும் கூட்டாட்சிச் சட்டம், அதில் பெயர் இருந்தால் என்ன செய்வது என்பதை மாநிலங்களிடமே விட்டுவிட்டது. கறாரான பட்டியல் என்று பெயரெடுத்த அமெரிக்க முறையில் மிகவும் மங்கலான மூலை இதுதான். அதில் சிக்குவோர் பெரும்பாலும் இந்த வேலையை நம்பிப் பிழைக்கும் ஏழைப் பெண்கள்.

வீட்டிலேயே பிள்ளைகளைப் பார்ப்போர் விஷயத்தில் இரண்டு நாடும் குடும்பத்தையும் சேர்த்தே ஆராய்கின்றன. அமெரிக்காவில் அந்த வீட்டில் வாழும் பதினெட்டு வயது நிரம்பியோர், இங்கிலாந்தில் பதினாறு வயது நிரம்பியோர். நியாயம்தான், காப்பாளர் குளியலறைக்குப் போனால் கூடத்தில் இருப்பது அவர் மகனோ மைத்துனரோதான். ஆனால் இங்கிலாந்து ஒரு கட்டத்தில் இதை இழுத்துக்கொண்டு போய்ப் பள்ளிக்கூடத்தில் விட்டது. 2014 இறுதியில் வந்த அரசு அறிவுறுத்தல் ஒன்றின்படி, வீட்டில் கூட வாழ்பவருக்குக் குற்றப் பின்னணி இருந்தால் சிறு வகுப்பு ஆசிரியரும் தகுதி இழக்கலாம் என்றாயிற்று. கணவனின் பழைய வழக்குக்காக மனைவி வகுப்பறையிலிருந்து வெளியே அனுப்பப்பட்டார். வெளியே வந்த கூச்சல் அடங்கப் பல ஆண்டு ஆனது. 2018 ஆகஸ்டு கடைசியில்தான் பள்ளிகளுக்கும் நர்சரிகளுக்கும் அதை எடுத்தார்கள், வீட்டுக் காப்பாளருக்கு மட்டும் இன்றும் இருக்கிறது.

அதற்கு முன்னும் ஒருமுறை இங்கிலாந்து எல்லை தாண்டியது. சோஹத்துக்குப் பின் 2006-இல் வந்த சட்டம், குழந்தைகளோடு பழகும் அனைவரையும் ஒரே பதிவேட்டில் கொண்டுவர நினைத்தது. கணக்குப் போட்டதில் ஒரு கோடியே பதின்மூன்று லட்சம் பேர் தேறினார்கள். பள்ளிகளுக்குப் போய்க் கதை சொல்லும் எழுத்தாளர்களும் 64 பவுண்டு கட்டிப் பதிவு செய்ய வேண்டும் என்றபோது, 2009 கோடையில் பிலிப் புல்மேனும் வேறு சில எழுத்தாளர்களும் இனிப் பள்ளிக்குப் போகமாட்டோம் என்று அறிவித்தார்கள். பணம் பெரிதல்ல, ஆசிரியர் உடனிருக்க நூறு பிள்ளைகள் முன் நிற்பவனையும் சந்தேகிப்பதா என்பதே அவர்கள் கேள்வி. 2010 ஜூனில் புதிய உள்துறை அமைச்சர் தெரசா மே திட்டத்தை நிறுத்தினார். 2012-இல் சுருங்கிய வடிவில் சட்டம் வந்து, அந்த டிசம்பரில் டிபிஎஸ் பிறந்தது. அமெரிக்காவில் இப்படி ஒரு கலகம் நடந்ததாகத் தெரியவில்லை. அங்கே சட்டம் உரிமம் பெற்ற காப்பகங்களையும் மானியம் பெறுவோரையும் மட்டுமே பிடிக்கிறது, கதை சொல்ல வருபவரை விட்டுவிட்டது.

காலாவதி விஷயத்தில் இங்கிலாந்து கொஞ்சம் அசட்டையாகவே இருக்கிறது. டிபிஎஸ் சான்றிதழுக்குக் காலாவதித் தேதி கிடையாது. கொடுத்த நாளில் உண்மை, மறுநாளைக்கு உத்தரவாதம் இல்லை. ஆண்டுக் கட்டணம் கட்டி இணையப் புதுப்பிப்புச் சேவையில் சேர்ந்தால் புதிய பதிவு உண்டா என்று நிர்வாகி பார்த்துக்கொள்ளலாம். சேராவிட்டால் சட்டம் கேட்காது. ஸ்காட்லாந்து 2025 ஏப்ரலில் ஐந்தாண்டு உறுப்பினர் முறைக்கு மாறிவிட்டது. அமெரிக்காவின் ஐந்தாண்டுக் கட்டாயம் இதைவிடத் திடமானது. சில மாநிலங்கள் எஃப்பிஐயின் தொடர் கண்காணிப்புச் சேவையில் சேர்ந்து, ஊழியர் மறுபடி கைதானால் உடனே தகவல் பெறுகின்றன.

எல்லை கடப்பவர் விஷயத்தில் நிலைமை தலைகீழ். அமெரிக்க விதி ஐந்தாண்டில் வாழ்ந்த ஒவ்வொரு மாநிலத்தையும் கேட்கச் சொல்கிறது. ஆனால் ஒவ்வொரு மாநிலத்துக்கும் ஒரு படிவம், ஒரு கட்டணம், ஒரு முறை. சில மாநிலங்களின் சொந்தச் சட்டமே வன்கொடுமைப் பதிவேட்டை வெளி மாநிலத்துக்குக் காட்டத் தடை போட்டிருந்தது. சரிபார்ப்பை நடைமுறைக்குக் கொண்டுவர விதித்த 2017 செப்டம்பர் கெடுவை மாநிலங்கள் தாண்டிக்கொண்டே போனதற்கு இந்தக் குறுக்குக் கேள்விகளே முக்கியக் காரணம். இத்தனைக்கும் நடுவில் வெளிநாட்டைப் பற்றிக் கூட்டாட்சி விதி வாயே திறப்பதில்லை. போன மாதம் சென்னையிலிருந்து நியூ ஜெர்சி வந்த பெண்ணைப் பற்றி அந்த எட்டு இடங்களிலும் வெற்றுத் தாள்தான் இருக்கும், வெற்றுத் தாள் என்றால் தகுதி உண்டு என்று அர்த்தம்.

இங்கிலாந்தில் அதே பெண் நர்சரியில் சேர்ந்தால், வெளிநாட்டில் வாழ்ந்த காலத்துக்கும் குற்றப் பதிவுச் சான்று வாங்கி வரச் சொல்வார்கள். அவர் இந்தியப் பாஸ்போர்ட் அலுவலகத்தின் வழியாக போலீஸ் கிளியரன்ஸ் சான்றிதழுக்கு விண்ணப்பிப்பார், அது அவர் வாழ்ந்த பகுதி காவல் நிலையத்தின் விசாரணையில் போய் நிற்கும். 2020-இல் வந்த போக்சோ விதிகளும் இந்தியாவில் பள்ளி, காப்பகம், விளையாட்டுப் பயிற்சி மையம் எல்லாவற்றிலும் ஊழியர்களை அவ்வப்போது போலீஸ் வெரிஃபிகேஷனுக்கு உட்படுத்தச் சொல்கின்றன. அதுவும் பெயரையும் முகவரியையும் வைத்து நடக்கும் வேலை. ஆங்கிலேய முறையின் பலமும் பலவீனமும் இந்த வழியில் நம்மூர்வரை நீள்கின்றன.

இத்தனை தேடியும் தெரியாமல் போவது எது? முதன்முறை தவறு செய்பவர். பிளிமத் நகர நர்சரியொன்றில் வேலை செய்த பெண் 2009-இல் குழந்தைகளைச் சீரழித்துப் படமெடுத்ததாகக் கைதானார். அவருடைய பின்னணிச் சான்றிதழ் சுத்தமாக இருந்தது, அது பொய்யும் அல்ல. 2010-இல் வந்த ஆய்வறிக்கை சான்றிதழைக் குறை சொல்லாமல் நர்சரியின் உள் வாழ்க்கையைப் பார்த்தது. அந்தப் பெண்ணின் ஆபாசப் பேச்சும் ஃபோனில் காட்டிய படங்களும் உடன் வேலை செய்தவர்களுக்குச் சங்கடமாக இருந்திருக்கின்றன. ஆனால் யாரிடம் எப்படிச் சொல்வது என்று அவர்களுக்குத் தெரியவில்லை, சொல்லும் தைரியமும் இல்லை. அதன்பின் 2012-இல் திருத்திய நர்சரி விதிகளில், கைபேசியையும் கேமராவையும் எப்படிப் பயன்படுத்துவது என்பதற்கு எழுத்துபூர்வமான கொள்கை கட்டாயமாயிற்று.

இந்தக் கோணத்தில் பார்த்தால் 2014 அமெரிக்கச் சட்டத்தில் எல்லாரும் பேசும் எட்டுத் தேடல்களைவிட, அதிகம் பேசப்படாத இன்னொரு பிரிவு எனக்கு முக்கியமாகப் படுகிறது. உரிமம் பெற்று மானியம் வாங்கும் காப்பகங்களுக்கு ஆண்டுக்கு ஒருமுறையாவது முன்னறிவிப்பு இல்லாமல் ஆய்வாளர் போக வேண்டும் என்கிறது அது. இங்கிலாந்தில் நர்சரிகளை ஆஃப்ஸ்டெட் பார்ப்பது குறைந்தது ஆறாண்டுக்கு ஒருமுறை என்று நெடுநாள் இருந்தது. அதை நான்காண்டாகக் குறைப்பதாக 2025-இல் அரசு அறிவித்தது. புகார் இல்லாத சாதாரண ஆய்வு என்றால் வழக்கமாக முதல் நாள் மதியம் நர்சரிக்கு ஃபோன் வந்துவிடும்: நாளைக் காலையில் வருகிறோம்.